ஒரு படித் தவிட்டுக்கு ஒரு பெயர்

முற்றத்தில் ஒரு பொடிப்பயல் நிற்கிறான். இடுப்பில் கறுப்புக் கயிறு தவிர உடம்பில் ஒன்றும் கிடையாது. கையை இடுப்பில் ஊன்றிக்கொண்டு வீட்டையே அதட்டுகிறான்.

"ஏட்டி ஆவுடை! தண்ணி கொண்டா!"

அவன் அதட்டியது தன்னைப் பெற்றவளை. ஆவுடை என் ஓரகத்தி, என் வீட்டுக்காரரின் அண்ணன் மனைவி. ராஜபாளையத்தில் ஒரே வீடு, ஒரே அடுப்படி எங்களுக்கு. கம்பு புடைத்துக்கொண்டிருந்த மாமியார் சிரித்த சிரிப்பில் சொளகிலிருந்த கம்பு பாதி தரைக்கு வந்துவிட்டது. நானும் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தேன். ஆவுடை அக்காவும் சிரித்தாள்.

"இந்தா வாரேன் துரை! யாரு பெத்த பயலோ, என்னைய வேலைக்காரி ஆக்கிட்டான்" என்று செம்பை நீட்டினாள்.

குடித்தான். செம்பைத் தரையில் வைத்தான். "எங்க அம்மாட்ட போறேன்" என்று கொல்லைக் கதவைத் தள்ளிக்கொண்டு பின்சந்துக்கு ஓடினான்.

அவனுக்கு அம்மா, பின்சந்தில் குடியிருந்த மீராம்மா மதினி. பலசரக்குக் கடை வைத்திருந்த ராவுத்தரின் மனைவி.

அவன் போனதும் ஆவுடை அக்கா தொழுவத்துக்குப் போனாள். அந்நேரத்தில் மாட்டுக்கு ஒரு வேலையும் கிடையாது. கொஞ்ச நேரம் கழித்து முகத்தைக் கழுவிக்கொண்டு வந்தாள்.

சீமையில் கிழட்டு ராணி செத்து, மகன் பட்டத்துக்கு வந்துவிட்டான் என்று கடைத்தெருவில் பேசிக்கொண்ட சமயம் அது. எங்கள் வீட்டில் அதைவிடப் பெரிய குழப்பம். யார் பிள்ளை யாருக்கு என்பதே தெரியாமல் ஒரு பிள்ளையை வளர்த்துக்கொண்டிருந்தோம்.

அப்பா போட்ட மனு

நான் சொல்லச் சொல்ல இதை எழுதுகிறவள் என் பேத்தி. அவளுக்கு என் பெயரில் ஒரு கூச்சம்.

"அப்பத்தா, ஒன் பேரை மட்டும் கொஞ்சம் நாகரிகமா மாத்திப் போட்டுருவமா?"

"மாத்தாதட்டீ. அது எங்கப்பா சாமிக்குப் போட்ட மனு."

மம்சாபுரத்தில் எனக்கு முன்னால் மூன்று பெண்கள். நாலாவதாக நான் வந்து விழுந்ததும் அப்பா 'போதும்பொண்ணு' என்று பெயர் வைத்தார். எனக்குப் பிறகு இன்னும் இரண்டு பெண்கள் பிறந்தார்கள். மனுவை வாங்கினவர் தலைகீழாகப் பிடித்துப் படித்திருப்பார் போல.

யார் கூப்பிட்டாலும், 'நீ வந்திருக்க வேண்டாம்' என்று சொல்லித்தான் என்னைக் கூப்பிடுகிறார்கள். நானும் இத்தனை காலமாக 'இந்தா வாரேன்' என்றுதான் பதில் சொல்லிக்கொண்டிருக்கிறேன்.

என் கதை சிரிப்போடு போயிற்று. ஆவுடை அக்கா கதை அப்படி இல்லை.

வாயில் வராத பெயர்

அக்காவுக்குத் தலைப்பிள்ளை ஆண். வழக்கப்படி தாத்தா பெயர், அதாவது எங்கள் மாமனார் பெயர். அதை என்னால் சொல்ல முடியாது. ஸ்ரீவில்லிபுத்தூர்க் கோயிலில் ஆலிலைமேல் படுத்திருக்கிற பெருமாள் பெயர் என்று வைத்துக்கொள்ளுங்கள். மாமனார் போய் எவ்வளவோ காலமாயிற்று. இன்னும் அந்தப் பெயர் தொண்டை வரைக்கும் வந்து அங்கேயே உட்கார்ந்துகொள்கிறது.

மாமனார் பெயரை மருமகள் சொல்லக் கூடாது. அந்தப் பெயரையே பிள்ளைக்கு வைத்தால் பெற்றவள் என்ன செய்வாள்? "பெரியவனே" என்று கூப்பிட்டாள். "எங்கய்யா" என்றாள். ஒருநாளும் பெயர் சொல்லிக் கூப்பிடவில்லை.

நடை பழகுமுன்னே அவன் போய்விட்டான். நான் அந்த வீட்டுக்கு வருமுன் நடந்தது. பிள்ளையின் பெயரைச் சொல்லி ஒப்பாரி வைக்க வேண்டுமே! அக்காவுக்கு அதற்கும் வழியில்லை. பெயரில்லாமலே அழுதாளாம். கேட்டுக்கொண்டிருந்த மாமனார் எழுந்து வயல்பக்கம் போய்விட்டாராம்.

அடுத்ததுக்கு நீர்காத்தலிங்கம் என்று வைத்தார்கள். மேற்கே மலையில் அருவியோரம் இருக்கிற எங்கள் அய்யனார் பெயர். ஊருக்கே தண்ணீர் காக்கிற சாமி, ஒரு பிள்ளையைக் காக்கமாட்டாரா என்று நினைத்தார்கள். காய்ச்சலில் போனான்.

மூன்றாவதுக்கு நச்சாடலிங்கம். தேவதானத்துச் சாமி பெயர். ராஜாவைக் கொல்ல விஷம் தோய்த்த ஆடையை அனுப்பினார்களாம், சாமி தடுத்துவிட்டாராம். ராஜாவுக்கு வந்ததைத் தடுத்த சாமிக்கு எங்கள் வீட்டுக்கு வழி தெரியவில்லை. அந்தப் பிள்ளையை நான் தூக்கியிருக்கிறேன். என் தோளில் எச்சில் ஒழுகத் தூங்குவான். மருமகளாய் வந்த வீட்டில் நான் பார்த்த முதல் சாவு அது.

கோயில் கோயிலாகப் போய் வாங்கி வந்த பெயர்கள் எல்லாம் மண்ணுக்குள் போயின.

எங்கள் தெருக் குப்பைகள்

மாமியார்தான் கண்டுபிடித்தார்.

"சாமி பேரை வச்சா, சாமி தன்னோடதுன்னு எடுத்துக்கிடுது. எவனும் கையால தொட அசிங்கப்படுத பேரா வைக்கணும்ட்டீ."

அதொன்றும் புதுசு இல்லை. எங்கள் தெருவில் பிச்சை இருந்தான், மண்ணாங்கட்டி இருந்தாள், மூக்குக் குத்திவிட்ட மூக்கன் இருந்தான். குப்பாண்டி என்று ஒருவர் போலீசில் இருந்தார். வாசல் நிலையில் தலை இடிக்கிற உயரம், மீசை கன்னத்தைத் தாண்டிக் காது வரைக்கும். அந்தக் குப்பை தெருவில் நடந்தால் திருடன் மட்டுமா, நாய்கூட வாலைச் சுருட்டும்.

வந்த புதிதில் எனக்கு அந்தப் பெயர்கள் எல்லாம் வேடிக்கை. ஒவ்வொன்றையும் சொல்லிச் சொல்லிச் சிரிப்பேன். ஆவுடை அக்காதான் ஒருநாள் உரலில் குத்திக்கொண்டே சொன்னாள்.

"சிரிக்காதட்டீ. குப்பாண்டிக்கு முன்னால அஞ்சு போயிருக்கு. பிச்சைக்கு முன்னால நாலு."

அதற்குப் பிறகு அந்தத் தெருவில் யாராவது பிள்ளையைக் கூப்பிட்டால் எனக்கு வேறு மாதிரிக் கேட்டது. ஒவ்வொரு கேவலமான பெயருக்கும் பின்னால் நல்ல பெயர் வைத்த பிள்ளைகள் சுடுகாட்டு ஓரத்தில் வரிசையாகப் படுத்திருக்கும். சாயங்காலம் தாய்மார்கள் வாசலில் நின்று "ஏ குப்பை, ஏ பிச்சை" என்று கத்தும்போது, வராத பிள்ளைகளையும் சேர்த்துக் கூப்பிடுகிற மாதிரி இருக்கும்.

பிள்ளை விலைக்கு உண்டா?

அக்காவுக்கு நாலாவதும் ஆண். மாமியார் வெறும் பெயரோடு விடவில்லை. பிள்ளையையே விற்றுவிடுவது என்று முடிவு செய்தார். பெற்றவளுக்குப் பிள்ளை தங்கவில்லை என்றால், வேறொருத்தி அதைத் தவிடு கொடுத்து வாங்கிக்கொள்ள வேண்டும். எமன் தேடி வந்து கேட்டால், 'எனக்கு ஏது பிள்ளை? அது அடுத்த வீட்டுப் பிள்ளை' என்று சொல்லிவிடலாம்.

வாங்குகிறவள் கைராசிக்காரியாக இருக்கவேண்டும். மீராம்மா மதினி பெற்றது அத்தனையும் கல்லுக்குண்டாக இருந்தது. அவளிடம் கேட்டபோது மறுபேச்சுப் பேசவில்லை.

"எனக்கு அதிகப்படியா ஒண்ணு ஆகட்டும் அத்தை. இருக்க கூட்டத்துல இதுவும் ஒரு ஓரமா கிடக்கட்டும்."

தீட்டுக் கழிந்த அன்று பிள்ளையைச் சொளகில் போட்டு வாசல்படியில் வைத்தோம். மதினி தெருவில் நின்று குரல் கொடுத்தாள்.

"பிள்ளை விலைக்கு உண்டா?"

"உண்டு, பாரமா இருக்கு, எடுத்துட்டுப் போ" என்று அக்கா உள்ளேயிருந்து சொல்லவேண்டும். அக்காவுக்கு வாய் வரவில்லை. மாமியார் முதுகில் இடித்தார்.

"சொல்லுட்டீ. கேட்டுக்கிட்டு நிக்கான்."

யார் நிற்கிறான் என்று நாங்கள் கேட்கவில்லை. எங்கள் வீட்டில் எமனுக்குத் தலைமாப்பிள்ளை மரியாதை, அவன் எதிரில் பெயரைச் சொல்லமாட்டோம்.

நான் வாயை வைத்துக்கொண்டு சும்மா இருக்கமாட்டாமல், "உண்டு மதினி. கூட ஒரு படி குடுத்தா என்னையும் சேத்துக் கொண்டு போங்க" என்றேன். மதினி முந்தானையால் வாயைப் பொத்தினாள். அக்காவுக்கும் அழுகையோடு சிரிப்பு வந்துவிட்டது. அந்தச் சிரிப்பிலேயே, "உண்டு, எடுத்துட்டுப் போங்க" என்று சொல்லிவிட்டாள்.

மதினி ஒரு படித் தவிட்டைக் கொட்டினாள். பிள்ளையைத் தூக்கினாள். "தவுட்டுக்கு வாங்குனேன். இவன் பேரு தவுட்டான். எம்பிள்ளை" என்று தெருவுக்கே கேட்கச் சொன்னாள். பின்சந்தைச் சுற்றிக்கொண்டு கொல்லைக் கதவு வழியாக வந்தாள்.

"ஏ ஆவுடை, எம்பிள்ளை பசியில கத்துதான். கொஞ்சம் பால் குடு."

அக்கா மடியில் வாங்கினாள். அன்று முதல் அவள் பால் கொடுக்கிற ஆள். தாய் இல்லை.

வசவு என்கிற தாலாட்டு

இந்தக் கட்டுப்பாடு அவனுக்கு ஐந்து வயது நிறைகிற வரைக்கும். அதற்குப் பிறகு அய்யனார் கோவிலில் காது குத்தி, இரட்டைப் படித் தவிடு திருப்பிக் கொடுத்துப் பிள்ளையை மீட்டுக்கொள்ளலாம். புதுப்பெயர் வைக்கலாம். அதுவரை 'என் பிள்ளை' என்று வாயால் சொல்லக் கூடாது. கொஞ்சக் கூடாது. விழுந்தால் பதறக் கூடாது. அவனுக்கும் சொல்லக் கூடாது. பிள்ளை வாய் நிற்காது, தெருவில் போய்ச் சொல்லிவிடும். தெருவில் சொன்னால் கேட்கவேண்டியவன் கேட்டுவிடுவான்.

அதனால் அக்கா திட்டினாள். அப்படித் திட்டி நான் யாரையும் கேட்டதில்லை. குளிப்பாட்டும்போது, "தவுட்டு மூதி, ஒன் ஆத்தா ஒனக்கு எண்ண தேய்க்க மாட்டாளாலே?" என்பாள். அந்த எண்ணெயைத் தலை உச்சியில் வைத்துத் தேய்க்கிற கை மட்டும் திட்டாது. கம்பஞ்சோற்றைக் கிண்ணத்தில் போட்டு, "தின்னு தொலை" என்று தள்ளுவாள். கிண்ணத்தின் அடியில் நெய் இருக்கும். மேலே தெரியாது.

புது வசவு கண்டுபிடித்துக் கொடுப்பது என் வேலை. 'சொளகுல வந்த சோம்பேறி', 'புடைச்சா பறக்க பய' என்று தினம் ஒன்று சொல்வேன். அவன் விழுந்து விழுந்து சிரிப்பான். "இன்னொண்ணு சொல்லு" என்பான்.

பேசப் பழகியபோது, சொன்னதையெல்லாம் நம்பிவிட்டான். மீராம்மா மதினி அம்மா. நாங்கள் அடுத்த வீட்டுக்காரர்கள். மாமியார் "ஏட்டி ஆவுடை" என்று கூப்பிடுவதைக் கேட்டு அவனும் அப்படியே கூப்பிட்டான். ராத்திரி தூங்க மட்டும் எங்கள் வீட்டுக்கு வருவான். அங்கே பாயில் இடமில்லையாம். இவனாக ஒரு காரணம் வைத்திருந்தான்.

காது குத்து தை அறுப்புக்குப் பிறகு என்று பேச்சாயிற்று. அக்கா அதற்குப் பிறகு வேறு நினைப்பில்லாமல் இருந்தாள். ஒருநாள் சாணி தட்டிக்கொண்டிருக்கும்போது திடீரென்று கேட்டாள்.

"ஏட்டி, அவன் என்னைய அம்மான்னு கூப்பிட்டா நான் என்ன சொல்லணும்? 'என்னய்யா'ங்கவா? 'என்னலே'ங்கவா?"

"மொதல்ல மயக்கம் போட்டு விழுவ. நான் தண்ணி தெளிச்சு எழுப்புதேன். பொறவு யோசிச்சுச் சொல்லு."

"போட்டீ" என்று சாணிக்கையோடு அடிக்க வந்தாள். பிறகு சுவரைப் பார்த்துக்கொண்டு மெதுவாக, "என்னய்யா" என்றாள். கொஞ்சம் குரலை மாற்றி இன்னொரு தடவை, "என்னய்யா" என்றாள்.

காது குத்தவில்லை

ஐப்பசி மழை விட்ட கையோடு ஊருக்குள் அந்தச் சீக்கு வந்தது. வாந்தியும் போக்கும். யாரும் அதைப் பெயர் சொல்லிச் சொல்லமாட்டோம். சொன்னால் கூப்பிட்ட மாதிரி ஆகிவிடும். 'அது மேலத்தெருவுக்கு வந்திருக்கு', 'அது சந்தைக்கு வந்திருக்கு' என்றுதான் பேச்சு.

பின்சந்தில் முதலில் ராவுத்தர் படுத்தார். மறுநாள் விடியும்போது தவுட்டான் எங்கள் வீட்டில் வாந்தி எடுத்தான். மத்தியானத்துக்குள் கண் இரண்டும் உள்ளே போய்விட்டது. முதல்நாள் என்னை வசவு கேட்டுத் துரத்தின பிள்ளை, கிழவன் மாதிரி ஆகிவிட்டான். ஓமத்தண்ணீர் கொடுத்தோம். நிற்கவில்லை.

அக்கா அப்போது மறுபடியும் பிள்ளைத்தாய்ச்சி. வயிறு மேடிட்டு நன்றாகத் தெரிந்தது. அவன் தலைமாட்டில் உட்கார்ந்து துணியை நனைத்து உதட்டில் வைத்துக்கொண்டிருந்தாள்.

"எங்கம்மா எங்க?" என்றான்.

அக்கா துணியை மறுபடியும் தண்ணீரில் முக்கினாள்.

"எங்கம்மாவக் கூப்பிடு."

நான் அக்காவின் காதுக்குள் சொன்னேன். "சொல்லிரு அக்கா. நீதான்னு சொல்லிரு. இனியும் என்னத்துக்கு?"

நிலைப்படியில் நின்ற மாமியார் அதைக் கேட்டுவிட்டார்.

"சொன்னா, இப்பமே கொண்டு போயிருவான். காது குத்தல. இன்னும் மீட்கல. அவ பிள்ளையா இருக்க வரைக்கும்தான் இவனுக்கு உசிரு. வயித்துல உள்ளதையும் நெனைச்சுக்கோ."

மாமியார் கல்நெஞ்சு இல்லை. சொல்லும்போது அவர் கன்னத்தில் கண்ணீர் வழிந்துகொண்டிருந்தது. மூன்றைப் புதைத்த கிழவி அவர். நாலாவதைக் காப்பாற்ற அவருக்குத் தெரிந்த வழி அந்த ஒரு பொய்தான்.

அக்கா என்னைப் பார்த்தாள். சொன்னால் இவன் போய்விடுவான். சொல்லாவிட்டால் ஒருவேளை பிழைப்பான். பிழைக்காவிட்டால், அவளை யார் என்றே தெரியாமல் போவான். அவள் என்ன நினைத்தாள் என்று எனக்குத் தெரியாது. அவன் மறுபடியும் முனகினான்.

"ஏட்டி ஆவுடை, எங்கம்மாவக் கூப்பிடேன்."

"இந்தா போறேன்" என்று எழுந்தாள். வயிற்றைப் பிடித்துக்கொண்டு கொல்லை வழியாகப் பின்சந்துக்கு நடந்தாள். நான் கூடவே போனேன்.

ராவுத்தருக்கு விசிறிக்கொண்டிருந்த மீராம்மா மதினி நிமிர்ந்து பார்த்தாள்.

"மதினி, ஒங்க பிள்ளை ஒங்களத் தேடுதான்."

மதினி விசிறியை மூத்த மகள் கையில் கொடுத்துவிட்டு அப்படியே வந்தாள். அவனைத் தூக்கி மடியில் போட்டுக்கொண்டாள். அவனுக்கு முகம் தெளிந்தது. அவள் சேலைத் தலைப்பை விரலில் சுற்றிக்கொண்டான். அக்கா சுவரோரம் நின்றாள். ஏதாவது எடுத்துவரச் சொன்னால் எடுத்துவர நிற்கிற ஆள் மாதிரி நின்றாள்.

மதினிக்குப் பொறுக்கவில்லை. "ஏ ஆவுடை, வந்து வாங்கிக்கோ. ஒம்பிள்ளையத் திருப்பிக் குடுத்துட்டேன். எனக்கு ஒண்ணும் வேண்டாம். அந்த அல்லா கேக்கட்டும், வாங்கிக்கோ" என்றாள்.

"வேண்டாம் மதினி, ஒங்க பிள்ளைதான்" என்றாள் அக்கா. அவசர அவசரமாகச் சொன்னாள். யாரோ வாசலில் நின்று ஒட்டுக்கேட்கிற மாதிரி, வாசலைப் பார்த்துச் சத்தமாகச் சொன்னாள். "எனக்கு ஏது பிள்ளை? அது ஒங்க பிள்ளை!"

விளக்கு வைக்குமுன் அவன் போய்விட்டான்.

யாரைக் கட்டி அழுவது

சீக்குக்குப் பயந்து பாதிப்பேர் வரவில்லை. வந்த பெண்கள் முற்றத்தில் வந்து திகைத்து நின்றார்கள். எங்கள் பக்கம் சாவு வீட்டுக்கு வருகிற பெண்கள் நேரே பறிகொடுத்தவளிடம் போய், எதிரில் உட்கார்ந்து, கழுத்தைக் கட்டிக்கொண்டு அழவேண்டும். ஒவ்வொருத்தியாக. இங்கே பிள்ளையின் இந்தப் பக்கம் ஒருத்தி, அந்தப் பக்கம் ஒருத்தி. யாரிடம் போவது?

மாமியார் கையைக் காட்டினார்.

"அவகிட்டப் போவாதிய. அவ வயித்துப்பிள்ளைக்காரி. பறிகொடுத்தவ இந்தா இருக்கா."

அவர்கள் மீராம்மா மதினியிடம் போனார்கள். ஒருத்தி கட்டி அழுது எழுந்ததும் இன்னொருத்தி உட்கார்ந்தாள். ஆவுடை அக்கா பக்கம் யாரும் திரும்பவில்லை. அவள் கண்ணில் ஒரு பொட்டுத் தண்ணீர் இல்லை. உதட்டைக் கடித்துக்கொண்டு, வருகிறவர்களுக்கு வழிவிட்டு ஒதுங்கி ஒதுங்கி நின்றாள். கூட்டத்தை வேடிக்கை பார்க்க வந்தவள் மாதிரி இருந்தாள்.

கொஞ்ச நேரம் கழித்துப் பார்த்தேன். அவளைக் காணோம்.

அந்தப் பெண்களின் வரிசையில் கடைசியில் நின்றுகொண்டிருந்தாள். முன்னால் நின்றவள் நகர நகர இவளும் நகர்ந்தாள். மாமியார் பார்த்தார். துக்கம் கேட்கப் போகிறவளை யார் தடுப்பார்கள்?

முறை வந்ததும் மதினிக்கு எதிரில் உட்கார்ந்தாள். இரண்டு கையாலும் கழுத்தைக் கட்டிக்கொண்டாள். அப்போதுதான் அவளுக்குச் சத்தம் வந்தது.

"ஒங்க பிள்ளை போயிட்டானே மதினி! ஒங்க பிள்ளை போயிட்டானே!"

மதினி அவளை மார்போடு இறுக்கிக்கொண்டாள். மாற்றிச் சொல்லிவிடுவாளோ என்று நான் மாமியாரைத் திரும்பிப் பார்த்தேன். மதினி மாற்றவில்லை.

"ஆமாட்டீ ஆவுடை. எம்பிள்ளைதான். எம்பிள்ளைதான் போயிட்டான்."

அதற்குள் மேலத்தெருவிலிருந்து இன்னும் இரண்டு பெண்கள் வந்து பின்னால் நின்றார்கள். அவர்களுக்கு உட்கார இடம் வேண்டும். ஆவுடை அக்கா மூக்கைச் சிந்திக்கொண்டு, தரையில் கையை ஊன்றி எழுந்து, தள்ளி நின்றாள்.